சீன எழுத்து ஒன்றுகூடத் தெரியாமல் சீன முத்திரையையும் தபால்தலையையும் பார்க்கக் கற்பது

சீன ஓவியத்தின் ஓரத்தில் சிவப்பாக ஒரு சின்னச் சதுரம் இருக்குமே, அதுதான் பெயர் முத்திரை. கல்லில் பெயரைச் செதுக்கி, சிவப்புக் குழம்பில் ஒற்றி, தாளில் பதிப்பது. ரொம்பக் காலமாக அங்கே கையெழுத்தின் வேலையைச் செய்தது அதுதான். தபால்தலை சேர்க்கிறவர்கள் இந்தச் சதுரத்தை அடிக்கடி பார்ப்பார்கள், ஏனென்றால் சீனத் தபால்தலைகளில் ஓவியங்கள் அதிகம், ஓவியம் வந்தால் முத்திரையும் கூடவே வந்துவிடும்.

இரண்டிலும் ஆசை இருந்தும் பலர் இறங்காமல் இருப்பதற்கு ஒரே காரணம்தான் சொல்கிறார்கள்: "சீன மொழி தெரியாதே." மொழி தெரிந்தால் நல்லதுதான், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் தெரியாமலே முக்கால்வாசி தூரம் போய்விடலாம். எதை எங்கே பார்க்க வேண்டும் என்று தெரிந்தால் போதும். முத்திரையில் நிறத்தையும் விளிம்பையும், தபால்தலையில் அடியோரத்தில் இருக்கும் பொடி எண்களையும் பார்க்கப் பழகிக்கொண்டால் அவையே நிறையச் சொல்லிவிடும்.

முதலில் முத்திரை

விரல் நீளத்துக்கு ஒரு கல் துண்டு. அடிப்பக்கம் பெரும்பாலும் சதுரம், இரண்டு சென்டிமீட்டர் முன்னே பின்னே இருக்கும். அந்த அடிப்பக்கத்தில் எழுத்தை இடவலம் மாற்றிச் செதுக்கியிருப்பார்கள், பதித்தால் நேராக வரும். இதில் நீங்கள் முதலில் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: எழுத்து சிவப்பாக இருக்கிறதா, வெள்ளையாக இருக்கிறதா?

எழுத்து சிவப்பு, பின்னணி வெள்ளை என்றால் எழுத்தைச் சுற்றியுள்ள கல்லைச் செதுக்கி எடுத்துவிட்டு எழுத்தை மேடாக விட்டிருக்கிறார்கள். எழுத்து வெள்ளை, பின்னணி சிவப்பு என்றால் எழுத்தையே பள்ளமாகக் குடைந்திருக்கிறார்கள். இந்த வேறுபாடு வெறும் அழகுக்காக வந்ததல்ல, பின்னால் ஒரு வரலாறு இருக்கிறது.

காகிதம் புழக்கத்துக்கு வருவதற்கு முன்பு சீனாவில் அரசு ஓலைகளை மூங்கில் சட்டங்களிலும் மரப் பலகைகளிலும் எழுதினார்கள். கட்டிக் கயிறு போட்டு, முடிச்சின்மேல் களிமண்ணை அப்பி, அந்த ஈரக் களிமண்ணில் முத்திரையை அழுத்திவிடுவார்கள். வழியில் யாராவது பிரித்தால் களிமண் உடைந்து காட்டிக்கொடுத்துவிடும். களிமண்ணில் எழுத்து எடுப்பாக மேலே எழும்பித் தெரிய வேண்டுமென்றால் முத்திரையில் அது பள்ளமாகத்தானே இருக்க வேண்டும்? அதனால்தான் பழைய ஹான் அரசமரபுக் காலத்து முத்திரைகளில் பெரும்பாலானவை குடைந்த எழுத்துகள். பிற்பாடு காகிதம் வந்து, மை தொட்டுப் பதிக்க ஆரம்பித்ததும் அதே முத்திரை வெள்ளை எழுத்தாகப் பதிந்தது. மேடான எழுத்து, அதாவது சிவப்பு எழுத்து, காகிதத்தில் பதிக்கத் தொடங்கிய பிறகுதான் பரவலானது.

இதற்குக் கண்ணால் பார்க்கக்கூடிய ஒரு சான்று ஜப்பானில் இருக்கிறது. கி.பி. 57-இல் ஹான் பேரரசர் குவாங்வு, ஜப்பானின் 'நா' என்ற சிறு நாட்டு மன்னருக்குக் கொடுத்ததாகக் கருதப்படும் தங்க முத்திரை, 1784-இல் ஷிக்கனோஷிமா தீவில் வயல் வேலையின்போது கிடைத்தது. 2.3 சென்டிமீட்டர் சதுரம், எடை நூற்றுச் சொச்சம் கிராம், பிடியில் ஒரு சுருண்ட பாம்பு. இப்போது ஃபுக்குவோக்கா நகர அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதன் எழுத்துகள் ஐந்தும் குடைந்தவைதான், களிமண்ணில் அழுத்துவதற்காகவே செய்தது.

அடுத்து படிக்கும் வரிசை. எழுத்து புரியாவிட்டாலும் வரிசை தெரிந்திருப்பது நல்லது, தலைகீழாக ஃபிரேம் போடாமல் தப்பிக்கலாம். வலப்பக்க வரிசையை மேலிருந்து கீழாகப் படித்துவிட்டு இடப்பக்கத்துக்கு வர வேண்டும். சீனப் பெயரில் குடும்பப் பெயர் முதலில் வரும் என்பதால் அது வலப்பக்கம் மேலே இருக்கும். சிலசமயம் குடும்பப் பெயர் வலப்பக்கம், அதற்குக் கீழே 'முத்திரை' என்னும் எழுத்து, சொந்தப் பெயரின் இரண்டு எழுத்தும் சேர்ந்து இடப்பக்கம் என்று சுற்றி வருகிற மாதிரியும் அமைப்பார்கள், சொந்தப் பெயர் பிரிந்துபோகக் கூடாது என்பதற்காக.

எழுத்து வடிவம் ஏன் இவ்வளவு விசித்திரமாக வளைந்தும் நெளிந்தும் இருக்கிறது என்று கேட்டால், அது சின் பேரரசு கி.மு. 221-இல் நாட்டை ஒன்றாக்கியபோது ஒழுங்குபடுத்திய எழுத்து. அன்றாடப் பயன்பாட்டிலிருந்து அது எப்போதோ போய்விட்டது, முத்திரையில் மட்டும் தங்கிவிட்டது. இன்றைய சீனர்கள் பலராலேயே இதைச் சட்டென்று படிக்க முடியாது. ஆக நமக்குப் புரியவில்லையே என்று கூச்சப்பட ஒன்றுமில்லை.

எல்லா முத்திரையும் பெயர் முத்திரை அல்ல என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஓவியர்கள் தங்கள் படிப்பறையின் பெயருக்கு ஒன்று, பிடித்த கவிதை வரிக்கு ஒன்று என்று வைத்திருப்பார்கள். ஓவியத்தை வாங்கி வைத்திருந்தவர்களும் "இது என்னிடம் இருந்தது" என்று தங்கள் முத்திரையைப் பதித்துவிடுவார்கள். இதனால் ஒரு பழைய ஓவியத்தின் கை மாறிய கதை அதன் மேலேயே பதிந்திருக்கும். ஆராய்ச்சியாளர்களுக்கு இது பெரிய உதவி. ஓவியத்துக்குத்தான் சிலசமயம் உபத்திரவம். பதினெட்டாம் நூற்றாண்டின் சியன்லோங் பேரரசரிடம் ஆயிரத்துக்கும் மேற்பட்ட முத்திரைகள் இருந்தன, அவற்றை அவர் சும்மாவும் வைத்திருக்கவில்லை. வாங் ஷீச்சி என்ற பழம்பெரும் எழுத்துக் கலைஞரின் பெயரில் வரும் 28 எழுத்துக் குறுங்கடிதம் ஒன்று தைப்பே அரண்மனை அருங்காட்சியகத்தில் இருக்கிறது. பனி பெய்து ஓய்ந்து வானம் தெளிந்ததைச் சொல்லும் சின்னக் கடிதம். அதைச் சுற்றிச் சியன்லோங் பதித்த முத்திரைகளும் எழுதிவைத்த பாராட்டுகளும் கடிதத்தையே ஒரு மூலைக்குத் தள்ளிவிட்டன. அரச ரசனை என்று அதைப் புகழ்கிறவர்கள் உண்டு. எனக்கு அட்டூழியமாகத்தான் தெரிகிறது.

கல்லும் கத்தியும்

ஆரம்ப காலத்தில் முத்திரை என்றால் வெண்கலம், தங்கம், ஜேட் என்னும் பச்சைக்கல். அதை வார்ப்பதும் குடைவதும் கைவினைஞர் வேலை. படித்தவர்கள் எழுத்தை வரைந்து கொடுப்பார்கள், அதோடு சரி. மென்மையான கல் வந்ததும் கதை மாறியது. யுவான் அரசமரபுக் காலத்தில் வாழ்ந்த வாங் மியென் என்ற ஓவியர் இந்தக் கல்லில் தானே செதுக்கத் தொடங்கினார் என்று சொல்கிறார்கள். பதினாறாம் நூற்றாண்டில் வென் பெங் என்பவர் காலத்தில் அது படித்தவர்களிடையே ஒரு கலையாகவே வேரூன்றியது. கத்தி பிடிக்கத் தெரிந்த எவரும் தன் பெயரைத் தானே செதுக்கலாம் என்றானது.

இந்தக் கல் நம்மூர் மாக்கல் மாதிரி, கத்திக்கு இளகிக் கொடுக்கும். நான்கு இடத்துக் கற்களுக்குப் பேர் அதிகம். ஃபூஜியென் மாகாணத்து ஷோஷான், செஜியாங் மாகாணத்து சிங்தியென், அதே மாகாணத்து சாங்ஹுவா, உள் மங்கோலியாவின் பாலின். ஷோஷான் ஊர் வயல்களுக்கு அடியிலிருந்து எடுக்கும் தியென்ஹுவாங் என்ற மஞ்சள் கல் எடைக்கு எடை தங்கத்தைவிட விலை அதிகம் என்பார்கள். சாங்ஹுவாவில் கிடைப்பது கோழி ரத்தக் கல், வெளிர் நிறக் கல்லுக்குள் ரத்தம் தெறித்த மாதிரி சிவப்புத் திட்டுகள் இருக்கும். இந்தச் சிவப்பு வேறொன்றுமில்லை, சாதிலிங்கம். சித்த மருத்துவத்தில் பேர் அடிபடுகிற அதே சாதிலிங்கம்தான். வெயில் பட்டால் நாளடைவில் கறுத்துவிடும் என்பதால் அந்தக் கல்லை ஜன்னலோரம் வைக்கக் கூடாது. புதிதாக ஆரம்பிக்கிறவர்களுக்கு இதெல்லாம் வேண்டாம், சாதாரண சிங்தியென் கல் போதும். கத்தி பழகுகிறவர்கள் அதில்தான் பழகுகிறார்கள்.

சி பைஷியின் பெயரை இங்கே சொல்லாமல் நகர முடியாது. 1864-இல் பிறந்து 1957 வரை வாழ்ந்தவர். இளமையில் தச்சர், மரத்தில் பூவேலை செய்தவர், பிறகுதான் ஓவியரும் முத்திரைக் கலைஞரும் ஆனார். மற்றவர்கள் ஒரு கோட்டை இரண்டு பக்கமும் கத்தி ஓட்டி ஒழுங்கு செய்வார்கள். இவர் ஒரே வீச்சு, திரும்பிப் பார்ப்பதில்லை. அவருடைய முத்திரையின் பதிவை லென்ஸ் வைத்துப் பாருங்கள், கோட்டின் ஒரு விளிம்பு வழவழவென்று நேராகவும் மறு விளிம்பு பொடிப்பொடியாகச் சிதைந்தும் இருக்கும். கத்தி எந்தப் பக்கம் சாய்ந்து போனது என்பதை அந்த விளிம்பே சொல்லும். சீன எழுத்து தெரிந்தவர்கள் பெயரைப் படித்துவிட்டு நகர்ந்துவிடுவார்கள், தெரியாத நமக்கு விளிம்பைப் பார்க்க நேரம் கிடைக்கிறது.

1904-இல் ஹாங்சோ நகரின் மேற்கு ஏரிக்கரையில் முத்திரைக் கலைக்கென்றே ஷீலிங் சங்கம் தொடங்கப்பட்டது. அதன் முதல் தலைவர் வு சாங்ஷுவோ, அவரும் ஓவியர். இந்தச் சங்கம் இன்றும் இயங்குகிறது. 2009-இல் யுனெஸ்கோ சீன முத்திரைச் செதுக்கலைத் தன் மரபுக் கலைப் பட்டியலில் சேர்த்தது. 2008 பெய்ஜிங் ஒலிம்பிக் சின்னம் நினைவிருக்கிறதா? சிவப்புக் கட்டத்துக்குள் வெள்ளையாக ஒரு ஆள் ஓடுகிற மாதிரி. மேலே சொன்ன முறைப்படி பார்த்தால் அது குடைந்து செதுக்கிய முத்திரை.

இனி அந்தச் சிவப்புக் குழம்பு. நம்மூர் ஸ்டாம்ப் பேடில் இருப்பது போன்ற தண்ணியான மை அல்ல, கெட்டியான, எண்ணெய்ப் பசை கொண்ட களிம்பு. அரைத்த சாதிலிங்கம், விளக்கெண்ணெய், மாசிபத்திரி இனத்துச் செடி ஒன்றின் இலையிலிருந்து எடுத்த பஞ்சு, இந்த மூன்றும்தான் பழைய சேர்மானம். பட்டுநூல் பஞ்சு போட்டதும் உண்டு. சாதிலிங்கம் பாதரசமும் கந்தகமும் சேர்ந்தது என்பதால் வெயில் படாமல் வைத்த காகிதத்தில் நூற்றாண்டுகள் ஆனாலும் நிறம் மங்குவதில்லை. அதே காரணத்துக்காகக் கையைக் கழுவ வேண்டும், சூடுபடுத்தக் கூடாது, குழந்தைகள் கைக்கு எட்டக் கூடாது. இப்போது கடைகளில் மலிவாகக் கிடைப்பவை பெரும்பாலும் வேறு செயற்கை நிறமி போட்டவைதான், பழகுவதற்கு அதுவே போதும்.

பதிக்கும்போது புதியவர்கள் செய்வது, முத்திரையைக் களிம்பில் ஓங்கி அழுத்துவது. அப்படிச் செய்தால் களிம்பு பள்ளங்களுக்குள் அடைத்துக்கொண்டு எழுத்து ஒரே சிவப்புத் தீற்றலாகிவிடும். மெதுவாகத் தட்டித் தட்டி எடுக்க வேண்டும், பக்கம் மாற்றிப் பலமுறை, பரப்பு முழுக்க ஒரே சீராகச் சிவப்பாகும் வரை. தாளுக்கு அடியில் நான்கைந்து வெற்றுத் தாளோ மெல்லிய ரப்பர் விரிப்போ வைத்து, முத்திரையை நேராக இறக்கி, நான்கு மூலைக்கும் அழுத்தம் கொடுத்து, அசைக்காமல் தூக்க வேண்டும். களிம்பு காய ஒரு நாளாவது ஆகும், அதுவரை தாளை மடிக்கக் கூடாது.

இதெல்லாம் பழங்கதை என்று நினைக்க வேண்டாம். சாதாரணச் சீனர் இன்று வங்கியில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போகலாம், ஆனால் நிறுவனம் என்று வந்துவிட்டால் நடுவில் நட்சத்திரம் போட்ட வட்ட முத்திரை இல்லாமல் எதுவும் நகராது. 2020 ஏப்ரலில் தாங்தாங் என்ற ஆன்லைன் புத்தக விற்பனை நிறுவனத்தில் கணவன் மனைவிக்குள் உரிமைச் சண்டை முற்றி, நிறுவனர்களில் ஒருவரான கணவர் ஆட்களோடு அலுவலகத்துக்குப் போய் நாற்பதுக்கும் மேற்பட்ட முத்திரைகளை வாரிக்கொண்டு வந்துவிட்டார். பணத்தை விட்டுவிட்டு முத்திரையை எடுத்தது ஏன் என்பது அங்கே யாருக்கும் விளக்கத் தேவைப்படவில்லை.

தபால்தலைப் பக்கம்

சீனாவின் முதல் அரசுத் தபால்தலை 1878-இல் வந்தது. தபால் துறை அப்போது தனியாக இல்லை, சுங்கத் துறைதான் வெளியிட்டது, அச்சிட்டது ஷாங்காயில். நடுவில் ஒரு டிராகன், மூன்று மதிப்புகள், பச்சை, சிவப்பு, மஞ்சள். சேகரிப்பாளர்கள் 'பெரிய டிராகன்' என்பார்கள். இதற்கு முன்பே 1865-இல் ஷாங்காய் உள்ளூர் அஞ்சல் தனக்கென்று டிராகன் தபால்தலை போட்டிருந்தது, அது தனி ரகம். 1897-இல் கையிலிருந்த சிவப்பு வருவாய் முத்திரைத்தாள் தலைகளின் மேல் புது மதிப்பை அச்சடித்துத் தபாலுக்குப் பயன்படுத்தினார்கள். அதில் ஒரு டாலர் மதிப்பைச் சின்ன எழுத்தில் அச்சிட்டது உலகின் மிக அரிய தபால்தலைகளில் ஒன்று, முப்பது சொச்சம்தான் இருப்பதாகக் கணக்கு. நமக்கு எட்டாது, தெரிந்து வைத்துக்கொள்ளலாம்.

நமக்கு எட்டுகிறவை 1949-க்குப் பிந்தையவை. சீன எழுத்து தெரியாமல் இவற்றைக் காலம் பிரிப்பது எப்படி என்றால், ஆங்கில எழுத்தில் 'சைனா' என்று இருக்கிறதா பாருங்கள். இருந்தால் 1992 அல்லது அதற்குப் பிறகு. மக்கள் சீனக் குடியரசின் தபால்தலையில் 1991 வரை நாட்டின் பெயர் சீன எழுத்தில் மட்டுமே இருந்தது. தைவான் வெளியிட்டவற்றையும் சீனா என்று ஒரே பக்கத்தில் ஒட்டிவிடுகிறவர்கள் உண்டு. அதில் ஆங்கிலத்தில் 'சீனக் குடியரசு' என்ற பெயரோ பிற்காலத்தில் 'தைவான்' என்ற பெயரோ இருப்பதைப் பார்த்துப் பெரும்பாலும் பிரித்துவிடலாம்.

இதைவிட உதவியானது அடியோரம். பொடி எழுத்தில் ஒரு குறியீடு இருக்கும், பக்கத்திலேயே ஆண்டும் இருக்கும். 1974 முதல் 1991 வரை ஆங்கில ஜே அல்லது டி. நினைவுத் தபால்தலை என்றால் ஜே, சிறப்பு வெளியீடு என்றால் டி. அதற்குப் பிறகு வரிசை எண், அப்புறம் அடைப்புக்குறிக்குள் இரண்டு எண்கள். டி.44.(16-3) என்று இருந்தால், 44-ஆவது சிறப்பு வெளியீடு, மொத்தம் 16 தலைகள், உங்கள் கையில் இருப்பது மூன்றாவது. 1992-க்குப் பிறகு ஆண்டும் வரிசை எண்ணும். ஆரம்ப காலத்தில் ஜே, டி இடத்தில் ஒரு சீன எழுத்து இருக்கும், எண்கள் அதே முறைதான். நடுவில் 1970 முதல் 1973 வரை 1-இலிருந்து 95 வரை வெறும் வரிசை எண்கள். இதை அறிந்துகொண்டால் ஒரு எழுத்துகூடப் படிக்காமல் ஆல்பத்தை வரிசையாக அடுக்கிவிடலாம், எந்தத் தலை விட்டுப்போயிருக்கிறது என்றும் தெரிந்துவிடும். இந்த வசதியை எல்லா நாடுகளும் செய்திருக்கலாம், செய்யவில்லை.

1960-களின் கலாச்சாரப் புரட்சிக் காலத்துத் தலைகளில் எண் தேட வேண்டாம், மாவோவும் அவர் வாசகங்களும்தான் இருக்கும். தபால்தலை சேர்ப்பதையே முதலாளித்துவப் பொழுதுபோக்கு என்று பழித்த காலம் அது, அதனாலேயே அந்தத் தலைகள் நல்ல நிலையில் குறைவாகக் கிடைக்கின்றன. 1968-இல் 'நாடு முழுவதும் சிவப்பு' என்று ஒரு தபால்தலை வெளியிட்டார்கள். தைவானும் தன் பகுதிதான் என்பது சீனாவின் நிலைப்பாடு, ஆனால் வரைபடத்தில் தைவானுக்குச் சிவப்பு பூசவில்லை. உடனே திரும்பப் பெற உத்தரவு போனது, அதற்குள் கொஞ்சம் விற்றுவிட்டது. அதே கருத்தில் அச்சாகிக் கடைசியில் வெளியிடப்படாமல் போன பெரிய அளவுத் தலை ஒன்று 2018-இல் ஒரு கோடி யுவானுக்கு (யுவான் என்பது சீனப் பணம்) மேல் ஏலம் போனது.

எல்லோரும் கேட்கிற தபால்தலை குரங்கு, சீனக் காலக்கணக்கின் குரங்கு வருடத்துக்காக வந்தது. 1980 பிப்ரவரி 15, சீனப் புத்தாண்டுக்கு முந்தைய நாள். ஓவியர் ஹுவாங் யொங்யு வரைந்தது. அடர் சிவப்புப் பின்னணியில் ஒரு கறுப்புக் குரங்கு, முகத்தில் பொன்னிறம், மதிப்பு 8 ஃபென் (நூறு ஃபென் ஒரு யுவான்). அப்போது உள்நாட்டுக் கடிதம் ஒன்றுக்கான கட்டணமே 8 ஃபென்தான், அதனால் நிறையப் பேர் ஒட்டி அனுப்பித் தீர்த்துவிட்டார்கள். 80 தலைகள் கொண்ட முழுத் தாள் ஒன்று பிற்பாடு பத்து லட்சம் யுவானைத் தாண்டி ஏலம் போயிருக்கிறது. விலை ஏறியதும் போலிகள் வந்தன, இன்றும் கொட்டிக் கிடக்கின்றன. அசல் குரங்கின் ரோமம் செதுக்குத் தகட்டிலிருந்து அச்சானது. சாய்வாக வெளிச்சம் காட்டி லென்ஸில் பார்த்தால் ஒவ்வொரு ரோமக் கோடும் மை மேடாக நிற்பது தெரியும், விரல் நுனிக்கும் லேசாகச் சொரசொரக்கும். மட்டமான போலியில் ரோமம் புள்ளிப்புள்ளியாக, தட்டையாக இருக்கும். நல்ல போலிகள் மேட்டையும் செய்துவிடுகின்றன, ஆகவே தேர்ந்த நிபுணர் சான்று இல்லாமல் குரங்கை வாங்காதீர்கள். நாற்பத்து மூன்று வருடங்கள் கழித்து 2023 முயல் வருடத்துக்கும் ஹுவாங் யொங்யுதான் வரைந்தார். சிவந்த கண்ணோடு நீல முயல் ஒன்று பேனா பிடித்து நின்றது, பிசாசு மாதிரி இருக்கிறது என்று சீன இணையமே கூச்சல் போட்டது. எனக்கு அந்த முயல் பிடித்தது. அதே வருடம் ஜூனில் அவர் இறந்துபோனார்.

பழைய சீனத் தலைகளில் புதியவர்களைக் குழப்பும் விஷயங்கள் சில உண்டு. பின்பக்கம் பசை இல்லையே, யாரோ நனைத்துக் கழுவிவிட்டார்களா என்று பயப்பட வேண்டாம், 1950-60-களில் பல தலைகளைப் பசை இல்லாமலேயே வெளியிட்டார்கள். மூலையில் சுத்தமாக வட்டத் தபால் முத்திரை குத்தி, தபாலில் போகாமலேயே சேகரிப்பாளர்களுக்கு விற்ற தலைகளும் ஏராளம். விலை குறைவு, பார்க்க அழகு, புதியவர்களுக்கு நான் சிபாரிசு செய்வது அவைதான். ஆரம்ப ஆண்டுகளின் சில நினைவுத் தலைகளுக்கு மறு அச்சு உண்டு. வடிவமைப்பில் பொடி வித்தியாசம் வைத்துத்தான் அடித்திருக்கிறார்கள், கேட்லாக்கில் படம் போட்டுக் காட்டியிருப்பார்கள். மறு அச்சை அசல் விலைக்குத் தலையில் கட்டிவிடுவார்கள், கவனம்.

நம் பக்கத்துச் சேகரிப்பாளர்களுக்கு உண்மையிலேயே தொடர்புள்ள ஒரு ஓரமும் இருக்கிறது. 1900-இல் வெளிநாட்டவரை எதிர்த்துச் சீனாவில் எழுந்த பாக்ஸர் கலகத்தை அடக்க பிரிட்டிஷார் இந்தியப் படைகளைச் சீனாவுக்கு அனுப்பியபோது, சிப்பாய்கள் ஊருக்குக் கடிதம் போட, விக்டோரியா மகாராணி தலை போட்ட இந்தியத் தபால்தலைகளின் மேல் 'சி.இ.எஃப்.' என்று மூன்று எழுத்து அடித்துக் கொடுத்தார்கள். சீனாவுக்குப் போன படை என்று அர்த்தம். மெட்ராஸ் சாப்பர்ஸ் என்ற பொறியாளர் படை உட்பட மதராஸ் மாகாணத்துப் படைப்பிரிவுகளும் அங்கே போயிருந்தன. சாதாரண மதிப்புகள் இன்றும் எட்டக்கூடிய விலையில் கிடைக்கின்றன.

இரண்டும் சேருமிடம்

எதில் ஆரம்பிப்பது என்று கேட்டால் என் பதில் சி பைஷி ஓவியங்கள், அதாவது மேலே உதாரணம் சொன்ன டி.44, 1980-இல் வந்த 16 தலைகள். ஒவ்வொன்றிலும் சிவப்பு முத்திரையைத் தேடுங்கள், சிவப்பெழுத்தா வெள்ளையெழுத்தா என்று பாருங்கள். அடுத்து 1984-இல் வந்த டி.98, வு சாங்ஷுவோ ஓவியங்கள், எட்டு தலைகள். ஒருவர் தச்சர், ஒருவர் ஷீலிங் சங்கத் தலைவர், இருவருமே முத்திரை செதுக்கியவர்கள். பிறகு 1997-இல் வந்த ஷோஷான் கல் சிற்பங்கள், வரிசை எண் 13. இதோடு வந்த தனிச் சிறு தாளில் (மினியேச்சர் ஷீட்) சியன்லோங்கின் சங்கிலி முத்திரைகள் இருக்கின்றன. ஒரே மஞ்சள் கல்லைக் குடைந்து மூன்று முத்திரையும் அவற்றை இணைக்கும் சங்கிலியுமாகச் செய்தது, ஒட்டு எதுவும் கிடையாது. 2004-இன் 21-ஆம் வெளியீடு கோழி ரத்தக் கல் முத்திரைகள், இரண்டே தலைகள். இவ்வளவையும் சேர்த்தாலும் ஒரு குரங்கின் விலையில் சின்னப் பங்குகூட வராது.

வைத்துக்கொள்வதில் நம் கடலோர ஊர்க்காரர்கள் கொஞ்சம் உஷாராக இருக்க வேண்டும். பசை உள்ள தலைகள் ஈரப்பதத்தில் ஒட்டிக்கொள்ளும், பழுப்புப் புள்ளி விழும். ஆல்பத்தைப் படுக்க வைக்காமல் நிறுத்தி வையுங்கள், சிலிக்கா ஜெல் பொட்டலம் போடுங்கள், கையால் தொடாமல் இடுக்கியால் எடுங்கள். முத்திரை வாங்குகிறவர்கள் 'பழைய தந்தம்' என்று காட்டினால் அந்த இடத்தை விட்டு நகர்ந்துவிடுங்கள். இந்தியாவில் தந்த வியாபாரம் குற்றம், சீனாவும் 2017 முடிவோடு முழுமையாகத் தடை செய்துவிட்டது. பழங்கால முத்திரை என்று சுற்றுலாக் கடையில் விற்பவை ஏறக்குறைய எல்லாமே புதியவை, அழகாக இருந்தால் புதிய கல்லின் விலை கொடுத்து வாங்கலாம்.

உங்கள் பெயரிலேயே ஒன்று செதுக்க ஆசை வந்தால் ஹாங்காங் ஷியுங் வான் பகுதியின் மான் வா சந்து முழுக்க முத்திரைக் கடைகள்தான், சிங்கப்பூர் சைனாடவுனிலும் செதுக்குகிறார்கள். நீளமான தமிழ்ப் பெயரை முழுசாகச் சீன எழுத்தில் ஏற்றினால் ஏழெட்டு எழுத்தாகி நெருக்கும், சுருக்கி மூன்று எழுத்துக்குள் கேளுங்கள். தமிழ் எழுத்திலேயே கேட்டாலும் செதுக்குவார்கள், எழுத்தைத் தெளிவாகப் பெரிதாக எழுதி நீங்களே எடுத்துப் போக வேண்டும், புள்ளி எங்கே இருக்க வேண்டும் என்று காட்டிவிட வேண்டும். கல்லின் பக்கவாட்டில் தேதியும் செதுக்கியவர் பெயரும் கேட்டு வாங்குங்கள். அது வழக்கமாக இடப்பக்க முகத்தில் வரும். எழுத்து படிக்கத் தெரியாதவர் முத்திரையைத் தலைகீழாகப் பதிக்காமல் இருக்க அந்த எழுத்தை இடப்பக்கமாக வைத்துப் பிடித்தால் போதும்.